பாடியவர்: பெண்குரல்

இரண்டு வருடங்களுக்கு முன் மதுரையில் ஒரு பெரியவரின் வீட்டுக்குப் போயிருந்தேன். இசைத்தட்டு சேகரிப்பவர். பெயர் வேண்டாம். நல்ல மனிதர், முன்பின் தெரியாத ஒருத்தி தொலைபேசியில் கேட்டதும் வரச் சொன்னவர். முன்னறை முழுக்கத் தட்டுகள். இரும்பு அலமாரிகளில் பழுப்புக் காகித உறைகளில் நெட்டுக்குத்தாக நிறுத்தியிருந்தார். படுக்கவைத்து அடுக்கினால் மேலிருக்கும் பாரத்தில் அடித்தட்டு விரிசல் விடும் என்றார். கல்யாண வீட்டுக்கும் காதுகுத்துக்கும் மைக் செட் கட்டியவர்கள் தொழிலை விட்டபோது எடைக்குப் போட்டவை சில. திலகர் திடல் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் பழைய பூட்டுக்கும் சைக்கிள் பெடலுக்கும் நடுவே கிடந்தவை சில. நாற்பது வருடம் அலைந்திருக்கிறார். அந்த அலைச்சலை நான் மதிக்கிறேன். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இனி எழுதப்போவது அவரைப் பிடிக்காமல் எழுதியது இல்லை.

அவர் ஒரு நீளமான கணக்கு நோட்டைக் காட்டினார். தட்டு எண், கம்பெனி, பாட்டு, ராகம், இயற்றியவர், பாடியவர் என்று கோடு போட்ட கட்டங்கள். சிவப்பு மையும் நீல மையும். பக்கங்களைத் திருப்பிக்கொண்டே வந்தேன். பாடியவர் என்ற கட்டத்தில் ஒரு சொல் திரும்பத் திரும்ப வந்தது: பெண்குரல். லேபிள் கிழிந்துபோன தட்டுகள் அம்மா, பேர் தெரியவில்லை, என்றார். சரி. ஆனால் அந்த நோட்டில் ஆண்குரல் என்று ஒரு இடத்தில்கூட இல்லை. லேபிள் கிழிந்த ஆண்களின் தட்டுகளும் இருந்தன. அவற்றுக்கெல்லாம் பத்துப் பேரிடம் விசாரித்து, பழைய பாட்டுப் புத்தகங்களைப் புரட்டி, பெயரைக் கண்டுபிடித்து எழுதியிருந்தார்.

ஒரு தட்டைப் போட்டுக் காட்டினார். பெண்குரல்தான். காபி கொண்டுவந்த அவர் மனைவி நிலைப்படியில் நின்று கேட்டார். பாட்டு முடிந்ததும் ஒரு பெயரைச் சொன்னார். "எங்க ஊருக்கு வள்ளித் திருமணம் நாடகத்துக்கு வந்துச்சுல்ல, அந்தம்மா." உனக்கு எப்படித் தெரியும் என்று அவர் சிரித்தார். தெரியும், என்றார் அந்த அம்மாள். மூன்று மாதத்துக்கு ஒரு தடவை அத்தனை தட்டையும் உறையிலிருந்து எடுத்துப் பஞ்சால் துடைத்து வைப்பது அவர்தான். பெரியவர் பேனாவை எடுக்கவில்லை. நோட்டில் அந்த இடம் இன்னும் பெண்குரலாகவே இருக்கும் என்று நினைக்கிறேன்.

இந்தக் கட்டுரை அந்தக் கட்டத்தைப் பற்றியது.

*

இந்தியாவின் ஒலிப்பதிவு வரலாறு பெண்களிடமிருந்துதான் தொடங்குகிறது. 1902 நவம்பரில் கிராமபோன் கம்பெனியின் ஃப்ரெட் கெய்ஸ்பர்க் கல்கத்தாவில் ஒரு விடுதி அறையில் கருவிகளை இறக்கினார். முதலில் பாடியவர்கள் நாடகக் கொட்டகையைச் சேர்ந்த இளம்பெண்கள். சில நாட்களில் கௌஹர் ஜான் வந்தார். தென்னிந்தியாவிலும் அதே கதைதான். அடுத்த சில வருடங்களில் தட்டுகளில் ஒலித்தவர்கள் சேலம் கோதாவரி, கோயம்புத்தூர் தாயி, பெங்களூர் நாகரத்தினம்மாள், காஞ்சிபுரம் தனகோடி அம்மாள். எல்லோரும் பொட்டுக்கட்டும் மரபில் வந்த குடும்பங்களின் பெண்கள், அல்லது அந்த உலகத்தை ஒட்டி வாழ்ந்தவர்கள்.

ஏன் அவர்கள்? குழாய்க்குள் பாடினால் குரல் போய்விடும், ஆயுள் குறையும் என்று பல வித்வான்கள் ஒதுங்கினார்கள். கண்ட இடத்தில், கண்ட சாதிக்காரன் காதில் தன் பாட்டு விழுமே என்ற கவலையும் அதற்குள் இருந்தது. 'குடும்பப் பெண்கள்' பாட்டு கற்றாலும் வெளியே பாட முடியாது. மிச்சம் இருந்தவர்கள், பாட்டே தொழிலாகவும் வாழ்வாகவும் இருந்த பெண்கள். அறிமுகமில்லாத வெள்ளைக்காரன் முன்னால், ஒரு தகரக் குழாய்க்குள் முகத்தை வைத்து, அடி பிசகாமல், தட்டின் ஒரு பக்கத்தில் அடங்கும் மூன்று நிமிடச் சொச்சத்துக்குள் ஒரு ராகத்தையும் ஒரு கீர்த்தனையையும் முடிக்க வேண்டும். மணிக்கணக்கில் பாடிப் பழகியவர்கள் அதை மூன்று நிமிடத்துக்குச் சுருக்கக் கற்றார்கள். இன்று பாட்டென்றால் ஏறத்தாழ இவ்வளவு நேரம் என்று நம் காது வைத்திருக்கும் அளவை நம் ஊரில் வகுத்துக் கொடுத்தவர்கள் இந்தப் பெண்கள். கோயம்புத்தூர் தாயியின் தட்டுகளைக் கேட்டு மயங்கித்தான் மோரிஸ் தெலாஜ் என்ற பிரெஞ்சு இசைக்காரர் 1912 வாக்கில் இந்தியா வந்தபோது அவரைத் தேடினார். தன் இசையிலும் அந்தக் குரலின் சாயலைக் கொண்டுபோனார். பாரிஸுக்குப் போன அந்தக் குரல் கோயம்புத்தூரில் எத்தனை பேருக்குத் தெரியும்?

அந்தக் காலத் தட்டுகளில் எனக்குப் பிடித்த ஒன்று உண்டு. பாட்டு முடிந்ததும் பாடியவரே தன் பெயரைச் சொல்வார். கௌஹர் ஜான் ஆங்கிலத்தில் தன் பெயரைச் சொல்லி முடிப்பது உலகப் புகழ் பெற்றது. அது பெருமைக்காகத் தொடங்கியது இல்லை. மெழுகுப் பதிவுகள் கப்பலேறி ஜெர்மனியின் ஹனோவருக்குப் போகும். அங்கே தட்டு அச்சடிக்கிறவனுக்கு எந்தப் பாட்டு யாருடையது என்று தெரியாது. லேபிள் ஒட்டப் பெயர் தேவை. அதற்காகச் செய்த ஏற்பாடு. ஆனால் அந்த ஏற்பாட்டால் ஒரு நன்மை விளைந்தது. லேபிள் கிழிந்தாலும், உறை தொலைந்தாலும், நோட்டில் எவர் என்ன எழுதினாலும், அவள் பெயர் அவள் குரலிலேயே தட்டுக்குள் இருக்கிறது. தட்டை உடைத்தால்தான் அதை அழிக்க முடியும்.

உடைக்காமலும் அழிக்கலாம் என்று பின்னால் வந்தவர்கள் காட்டினார்கள்.

*

முதல் வழி, வம்பு. நம் ஊர் இசை ரசிகர்கள் கூடிப் பேசுவதைக் கேட்டிருக்கிறீர்களா? ஆண் வித்வான் என்றால் குரு யார், பாணி என்ன, எந்த ராகத்தில் எப்படி நிரவல் செய்தார் என்று பேச்சு போகும். பெண் என்றால் யாரோடு இருந்தாள் என்று போகும். கொடுமுடி கே.பி. சுந்தராம்பாள் 1935ல் 'பக்த நந்தனார்' படத்தில் ஆண் வேடம் ஏற்று நடித்தார். ஒரு லட்சம் ரூபாய் சம்பளம் வாங்கினார். அன்று எந்த ஆண் நடிகருக்கும் எட்டாத தொகை. ஆனால் அவரைப் பற்றிய பேச்சு எங்கே தொடங்கினாலும் கிட்டப்பாவில் போய் நின்றுவிடும். 1933ல் கிட்டப்பா இறந்தார். சுந்தராம்பாள் இறந்தது 1980ல். நடுவில் இருக்கும் நாற்பத்தேழு வருடப் பாட்டு அந்தக் கதைக்கு அடிக்குறிப்பாகிவிடுகிறது.

இரண்டாவது வழி, மரியாதை. இது இன்னும் நுட்பமானது. எம்.எஸ். சுப்புலட்சுமி எங்கள் மதுரையில் பிறந்தவர். அனுமந்தராயன் கோயில் தெருவில் வளர்ந்தவர். பாட்டி அக்கம்மாள் வயலின் வாசித்தவர். அம்மா சண்முகவடிவு வீணைக் கலைஞர். 1926ல், பத்து வயதில், அம்மாவின் வீணையோடு சுப்புலட்சுமி தன் முதல் தட்டைப் பாடினார். எம்.எஸ். என்ற அந்த இரண்டு எழுத்தைப் பாருங்கள். மதுரை, சண்முகவடிவு. ஊரும் அம்மாவும். அப்பா பெயர் இல்லை, கணவர் பெயர் இல்லை. இந்தியாவே கும்பிட்ட ஒரு முன்னெழுத்து, தாய்வழி முன்னெழுத்து. ஆனால் பூஜையறைக் காலண்டராக அவரை மாற்றிய மரியாதை, அந்த எழுத்துக்குள் இருந்த சண்முகவடிவை வெளியே நிறுத்திவிட்டது. மகளின் தட்டுகளைத் தேடி ஓடும் சேகரிப்பாளர்களில் எத்தனை பேர், தானும் தட்டில் பதிந்த அந்தத் தாயின் வீணையைத் தேடியிருக்கிறார்கள்?

1947ல் சென்னை மாகாணத்தில் பொட்டுக்கட்டுதலைத் தடுக்கும் சட்டம் வந்தது. முத்துலட்சுமி ரெட்டியும் மூவலூர் இராமாமிர்தமும் போராடியது சிறுமிகளின் உடலுக்காக. அந்தப் போராட்டத்தின் நியாயத்தில் எனக்கு ஐயமில்லை. ஆனால் வழக்கத்தை ஒழித்த சமூகம், அந்தப் பெண்களின் கலையை எடுத்துக்கொண்டு பெண்களை வெட்கமாக்கியது. பாட்டு சபாவுக்குப் போனது. பாடியவளின் பேத்தி, பாட்டி பாடுவாள் என்பதை மாப்பிள்ளை வீட்டில் சொல்லாதே என்று வளர்ந்தாள். ஒரு குடும்பம் தன் பாட்டியின் தட்டைப் பரணில் ஒளிப்பதற்கும் பிறகு எடைக்குப் போடுவதற்கும் இந்த வெட்கம்தான் காரணம். அப்படிச் சந்தைக்கு வந்ததைத்தான் நம் சேகரிப்பாளர் 'அபூர்வம்' என்று வாங்குகிறார். எப்படி அபூர்வமானது என்று அவர் கேட்பதில்லை.

மூன்றாவது வழி, தொழில். 1949ல் 'மஹல்' இந்திப் படத்தின் புகழ்பெற்ற பாட்டு தட்டாக வந்தபோது பாடியவர் என்று லேபிளில் இருந்தது காமினி. அது படத்தில் வரும் பாத்திரத்தின் பெயர். பாடியவர் லதா மங்கேஷ்கர். பெயருக்காக அவரே சண்டை போட வேண்டியிருந்தது. நம் ஊரில் 1945ல் 'ஸ்ரீ வள்ளி' வெளிவந்த பிறகு, கதாநாயகியின் குரலை எடுத்துவிட்டுப் பெரியநாயகியின் குரலைச் சேர்த்தார் ஏ.வி.எம். ஒரு பெண்ணின் குரலை இன்னொரு பெண்ணின் வாயில் பொருத்த முடியும் என்று தெரிந்த நாளிலிருந்து, குரல் ஒரு உதிரிப்பாகம். சட்டமும் அப்படித்தான் பார்த்தது. பாட்டெழுதியவருக்கு உரிமை இருந்தது, மெட்டமைத்தவருக்கு இருந்தது, தட்டுப் போட்ட கம்பெனிக்கு இருந்தது. பாடியவருக்கென்று ஓர் உரிமையை இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் ஏற்றுக்கொண்டது 1994 திருத்தத்தில்தான். கெய்ஸ்பர்க் வந்து தொண்ணூற்றிரண்டு வருடம் கழித்து.

இப்படி அழிக்கப்பட்டதை மீட்டெடுத்த பெண்ணும் அந்தத் தட்டுக்காரிகளில் ஒருத்திதான் என்பதை மறக்கக் கூடாது. பெங்களூர் நாகரத்தினம்மாள், பதினெட்டாம் நூற்றாண்டில் தஞ்சை அரசவையில் இருந்த முத்துப்பழனி எழுதிய தெலுங்குக் காவியத்தைத் தேடிப் படித்தார். அச்சில் கிடைத்த பழைய பதிப்பில், முத்துப்பழனி தன் பாட்டி, தாய் வழியைச் சொல்லித் தன்னை அறிமுகம் செய்துகொள்ளும் பகுதியையே பதிப்பித்த ஆண் நீக்கியிருந்தார். நாகரத்தினம்மாள் சுவடி தேடி, விட்டதைச் சேர்த்து, 1910ல் முழுப் பதிப்பைக் கொண்டுவந்தார். ஆபாசம் என்று அரசு தடைசெய்தது. திருவையாற்றில் தியாகராஜருக்குத் தன் சொத்தில் சமாதிக் கோயில் கட்டியதும் இதே பெண்தான். அங்கே பெண்கள் பாட இடம் மறுக்கப்பட்டபோது, பெண்களைச் சேர்த்துக்கொண்டு தனியாக ஆராதனை நடத்தினார். பாதுகாப்பது என்றால் என்ன என்று கேட்டால் நான் இவரைக் காட்டுவேன். பொருளைப் பூட்டி வைப்பது பாதுகாப்பு இல்லை. வெட்டி எடுத்த பெயரைத் திரும்பத் தைப்பதுதான் பாதுகாப்பு.

*

இனி என் கதை.

நான் நாகமலைப் புதுக்கோட்டைக்காரி. தேனி ரோட்டில், பல்கலைக்கழகத்துக்கு முன்னால், பாம்பு நெளிந்து படுத்த மாதிரி ஒரு மலை வரும், அதன் அடியில். என் அம்மாச்சிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. சுற்றுப்பட்டில் எங்கே சாவு விழுந்தாலும் ஒப்பாரிக்குக் கூப்பிட்டு வருவார்கள். கூலிக்குப் போனவள் இல்லை. ஒப்பாரி என்பது செத்தவரைப் பற்றிய பாட்டு மட்டும் என்று நினைப்பவர்கள் ஒப்பாரியை உட்கார்ந்து கேட்டதில்லை. பெண்கள் வட்டமாகக் கட்டிக்கொண்டு அழும்போது, கொண்டவன் அடித்த அடி, கூடப்பிறந்தவன் தராத பங்கு, பெறாத பிள்ளை எல்லாம் அதில் வரும். ஊர் ஆண்கள் முன்னிலையில், யாரும் குறுக்கிட முடியாமல், ஒரு பெண் தன் வழக்கைச் சொல்லக் கிடைத்த ஒரே மேடை அது.

1990ல் என் மாமா சிங்கப்பூரிலிருந்து டூ இன் ஒன் கொண்டுவந்தார். அம்மாவுக்கு அம்மாச்சியின் ஒப்பாரியைப் பதிய வேண்டுமென்று ஆசை. சாவு விழாத வீட்டுக்குள் ஒப்பாரி பாடக்கூடாது. ஆகவே இரண்டு பேரும் ஒரு மத்தியானம் ஆறு பேட்டரிக் கட்டை போட்ட அந்தப் பெட்டியைச் சேலைத்துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு, கீழக்குயில்குடி கண்மாய்க்கரைக்குப் போயிருக்கிறார்கள். அங்கே உட்கார்ந்து அம்மாச்சி ஒரு மணிநேரக் கேசட்டின் இரண்டு பக்கமும் நிறையப் பாடியிருக்கிறாள். யார் செத்ததற்கும் இல்லாமல், தனக்காக. வீட்டுக்கு வந்ததும் அம்மா அரிவாள்மனை நுனியால் கேசட்டின் மேல்விளிம்பில் இருக்கும் இரண்டு சின்னப் பிளாஸ்டிக் பற்களையும் உடைத்துவிட்டாள். அது இருந்தால்தான் மேலே இன்னொன்றைப் பதிய முடியும். உடைத்துவிட்டால் பதிவுப் பொத்தான் அமுங்காது. டேப் ரெக்கார்டரைத் தொடவே பயந்த அம்மா இதை யாரிடமோ கேட்டுத் தெரிந்துகொண்டிருந்தாள்.

ஆறேழு வருடம் கழித்து வீட்டு ஆண்களில் ஒருவர், உடைந்த பல் இருந்த ஓட்டையில் செல்லோ டேப்பை ஒட்டிப் பொத்தானை அமுக்கினார். அந்தத் தந்திரமும் அன்று எல்லோருக்கும் தெரிந்ததுதான். ரெக்கார்டிங் கடையில் பட்டியல் கொடுத்துப் பாட்டுப் பதிய புது கேசட் வாங்க வேண்டும். வீட்டில் ஒரு கேசட் சும்மா கிடந்தது. "சாவுப் பாட்டுத்தானே, வீட்ல வச்சிருந்தா வெளங்குமா?" என்றார். அவர் பதிந்தது சினிமாப் பாட்டு. அந்தப் பாட்டுகள் இன்று எந்தக் கைபேசியிலும் கிடைக்கும். அழிந்த ஒரு மணிநேரம் உலகத்தில் வேறெங்கும் இல்லை. அம்மாச்சி 2001ல் இறந்தாள். அவளுக்கு ஒப்பாரி வைக்க அவள் அளவுக்குத் தெரிந்தவர்கள் அப்போது ஊரில் இரண்டு மூன்று பேர்தான்.

இதைச் சொன்னால் சேகரிப்பாளர்கள் உச்சுக்கொட்டுவார்கள். ஆனால் அந்தக் கேசட் அழியாமல் அவர்கள் கைக்கு வந்திருந்தால் என்ன செய்திருப்பார்கள்? அதற்கு எண் இல்லை. கம்பெனி இல்லை. ராகம், இயற்றியவர் இல்லை. நோட்டில் அதற்குக் கட்டமே இல்லை. அரபு நாட்டுக்குப் போன கணவனுக்குப் பெண்கள் பேசிப் பதிந்து அனுப்பிய கேசட் கடிதங்களுக்கும் இல்லை. தாலாட்டுக்கு, நடவுப் பாட்டுக்கு, கும்மிக்கு, எதற்கும் இல்லை. எது பதிவு, எது வெறும் சத்தம் என்று பிரித்த பிறகுதான் சேகரிப்பு தொடங்குகிறது. பிரித்தது யார்?

எங்கள் ஊரிலிருந்து துவரிமான் பக்கம் போய் வைகையைத் தாண்டினால் பரவை. பரவை முனியம்மா பிறந்து வளர்ந்து பாடிய ஊர். அவரைத் தமிழ்நாடு முழுக்கத் தெரிந்தது 2003ல், 'தூள்' படத்துக்குப் பிறகு. கொல்லங்குடி கருப்பாயிக்கு 1985ல் 'ஆண் பாவம்'. சினிமாக் கேமரா திரும்பிப் பார்க்கும்வரை இவர்கள் என்ன, ஊமையாகவா இருந்தார்கள்? நாற்று வயலிலும் கோயில் திருவிழா மேடையிலும் பாடிய அவர்களின் இளவயதுக் குரலைத் தேடிப் பாருங்கள். சினிமா தொட்ட பிறகுதான் பெண்ணின் பாட்டு 'பதிவு' ஆகிறது.

*

பெண்கள் சேகரிப்பதில்லை, அவர்களுக்கு அந்தப் பைத்தியம் வராது என்று ஒரு பேச்சு உண்டு. அந்தப் பைத்தியத்துக்கு என்ன வேண்டும் என்று கணக்குப் போடுவோம். ஒரு தனி அறை. கேள்வி கேட்காமல் செலவழிக்கக் காசு. ஞாயிற்றுக்கிழமை காலையில் வீட்டுச் சமையலை யாரோ பார்த்துக்கொள்ள, சந்தையில் குந்தி உட்கார்ந்து பழைய சாமான் கிளறும் சுதந்திரம். தெரியாத ஊரில் தெரியாத வீட்டுப் பரணில் ஏறும் துணிச்சல், ஏறினால் தப்பாக எடுக்காத ஊர். கல்யாணத்துக்குப் பிறகும் அதே வீட்டிலேயே இருக்கும் உறுதி. பெண்ணின் சேகரிப்பு ஒரு டிரங்குப் பெட்டிக்கு மேல் வளராது, ஏனென்றால் அவள் வீடு மாறுகிறவள். ஆனாலும் சேர்த்தாள். நம் அம்மாக்களின் பாட்டு நோட்டுகளை நினைத்துப் பாருங்கள். வானொலியில் ஓடும்போதே வேகவேகமாகக் கேட்டு எழுதிய வரிகள், விட்டுப்போன சொல்லுக்குப் புள்ளிகள், அடுத்த வாரம் கேட்டு நிரப்பிய வேறு மை. அதைச் சேகரிப்பு என்று யாரும் சொன்னதில்லை. பழைய பேப்பர் கடைக்குப் போட்டோம்.

வாய்ப்புக் கிடைத்த பெண்கள் செய்தது நம் கண்முன் இருக்கிறது. எங்கள் பக்கத்துப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த விஜயலட்சுமி நவநீதகிருஷ்ணன், கணவரோடு ஊர் ஊராகப் போய்ப் பாட்டுகளைத் திரட்டிப் பாடினார். 2018ல் பத்மஸ்ரீ பெற்றார். எழுத்தாளர் அம்பை 1988ல் மும்பையில் நீரா தேசாய், மைத்ரேயி கிருஷ்ணராஜ் ஆகியோரோடு 'ஸ்பாரோ' என்ற பெண்கள் ஒலி, ஒளி ஆவணக் காப்பகத்தைத் தொடங்கினார். இசைக் கலைஞர்களான பெண்களைத் தங்கள் வாழ்க்கையைத் தாங்களே சொல்ல வைத்துப் பதிந்தார். யாரோடு இருந்தாள் என்ற கேள்வியை விட்டுவிட்டு, எப்படிக் கற்றாய், எதை விட்டாய், எதற்காக விட்டாய் என்று கேட்ட பதிவுகள் அவை. 1982ல் தொடங்கிய, இப்போது குருகிராமில் இருக்கும் இனவிசையியல் ஆவண மையத்தைப் பல பத்தாண்டுகள் நடத்தியவர் சுபா சௌத்ரி. அங்கே ஒரு பதிவு உள்ளே வரும்போது, பாடியவர் யார், எந்த ஊர், எந்த நாள், வெளியே கொடுக்க அவர் சம்மதித்தாரா என்பதெல்லாம் சேர்ந்தேதான் வரவேண்டும். பாட்டு மட்டும் வந்தால் போதாது.

நம் நாட்டார் பாடல் தொகுப்புகள் இதில் எங்கே நிற்கின்றன? நா. வானமாமலையின் 'தமிழர் நாட்டுப்பாடல்கள்' 1964ல் வந்தது. பெரிய பணி. அதில் பாட்டின் அடியில் சேகரித்தவர் பெயரும் இடமும் இருக்கும். சில பாட்டுகளில் இன்னொரு பெயரும் இருக்கும், 'உதவியவர்' என்று. அந்தக் காலத்தில் அவ்வளவாவது எழுதினார்களே என்று நன்றி சொல்லலாம். ஆனால் அந்தச் சொல்லைக் கொஞ்சம் நின்று பாருங்கள். பாட்டு யாருடைய தொண்டையிலிருந்து வந்ததோ அவர் உதவியவர். அதைத் தாளில் எழுதியவர் சேகரித்தவர். நெல் விளைவித்தவளை உதவியவள் என்றும் மூட்டை தைத்தவனைச் சொந்தக்காரன் என்றும் சொல்வது போலத்தான்.

*

எதிர்வாதம் எனக்குத் தெரியும். இந்த ஆண்கள் அலைந்து திரிந்து சேர்க்காவிட்டால் அந்தக் கோதாவரியும் தாயியும் இன்று கேட்கவே கிடைத்திருப்பார்களா? கிடைத்திருக்க மாட்டார்கள். கம்பெனிகள் கைவிட்டதை, அரசு கண்டுகொள்ளாததை, தனி மனிதர்கள்தான் காப்பாற்றினார்கள். கோட்டையூரில் ரோஜா முத்தையா தன் வாழ்நாள் முழுக்கச் சேர்த்த நூல்களும் இதழ்களும் அவர் 1992ல் இறந்த பிறகு சிதறாமல் சென்னையில் பொது நூலகம் ஆனதால்தான் நாம் பலதையும் படிக்கிறோம். அதுதான் என் வாதமும். முத்தையாவின் சேகரிப்பு வரலாறானது அது அவர் வீட்டை விட்டு வெளியே வந்தபோது. பட்டியலிட்டு, யார் கேட்டாலும் எடுத்துக்கொடுக்கும் மேசைக்கு வந்தபோது. 'என்னிடம் மட்டும்தான் இருக்கிறது' என்பது சேகரிப்பாளரின் பெருமை. வரலாற்றுக்கு அது ஆபத்து. அரக்குத் தட்டு கைதவறினால் போயிற்று. மகன்களுக்கு ஆர்வம் இல்லையென்றால் போயிற்று.

ஆகவே சில கோரிக்கைகள்.

சேகரிப்பாளர்களுக்கு: தட்டு உங்களுடையது, அதிலிருக்கும் குரல் உங்களுடையது இல்லை. ஒலிப்பதிவின் பதிப்புரிமை 60 வருடம். அதற்கு முந்தைய தட்டுகளின் ஒலிப்பதிவில் கம்பெனிக்கே உரிமை முடிந்துவிட்டது. எழுதியவர், மெட்டமைத்தவர் உரிமை தனி, அது அவர்கள் இறந்த பிறகும் 60 வருடம் நிற்கும். அதைப் பார்த்துக்கொண்டு, மற்றதைத் திறந்துவிடுங்கள். பட்டியலையாவது திறந்துவிடுங்கள். பெண்குரல் என்ற சொல்லை அடித்துவிட்டு, 'பெயர் இன்னும் தேடப்படவில்லை' என்று எழுதுங்கள். முதலாவது அவளைப் பற்றிய தகவல் போல நடிக்கிறது, இரண்டாவது உங்களைப் பற்றிய உண்மை. உங்கள் மனைவியிடம் கேளுங்கள். பேனாவை எடுத்துக்கொண்டு கேளுங்கள்.

பல்கலைக்கழகங்களுக்கும் அரசுக்கும்: ஒவ்வொரு மாவட்டத்திலும் பழைய கேசட்டையும் தட்டையும் கொண்டுவந்து கொடுத்தால் படியெடுத்துத் திருப்பித் தரும் ஓர் அறை வேண்டும். நல்ல நிலையில் ஒரு டெக், ஒரு தட்டுப்பெட்டி, ஒரு கணினி, சம்பளத்தோடு இரண்டு பெண்கள். கேசட்டில் பூஞ்சணம் ஏறுகிறது. ஓட்டிப் பார்க்கும் கருவிகளும் பழுது பார்க்கத் தெரிந்தவர்களும் குறைந்துகொண்டே வருகிறார்கள். பத்து வருடம் தள்ளிப்போட்டால், தள்ளிப்போட எதுவும் மிஞ்சாது.

மாணவிகளே, உங்களுக்கு: உங்கள் கையில் இருக்கும் கைபேசி கெய்ஸ்பர்க் கப்பலில் கொண்டுவந்த கருவிகள் அத்தனையையும்விட நல்ல பதிவுக் கருவி. இந்த விடுமுறைக்கு ஊருக்குப் போகும்போது ஒரு கிழவியிடம் உட்காருங்கள். முதலில் கேளுங்கள், பதியலாமா, யார் யார் கேட்கலாம் என்று. வேண்டாம் என்றால் கைபேசியை அணைத்துவிட்டுச் சும்மா கேளுங்கள், அதுவும் கடமைதான். ஒப்பாரி பாட வீட்டுக்குள் மனசு வரவில்லையென்றால் கண்மாய்க்கரைக்குக் கூட்டிப்போங்கள். பாடத் தொடங்குமுன் அவர் பெயரை, அவர் அம்மா பெயரை, ஊரை, அவரே சொல்லட்டும். எம்பி3 ஆகச் சுருக்காமல் வேவ் கோப்பாக வையுங்கள். மூன்று இடத்தில் படி வையுங்கள், அதில் ஒன்று அவர் வீட்டில். நீங்கள் எழுதும் ஆய்வேட்டில் அவரை உதவியவர் என்று போடாதீர்கள். பாடியவர் என்று போடுங்கள்.

எங்கள் மலைக்குத் தெற்கே சமணர் மலை. அதன் பேச்சிப்பள்ளத்தில் ஆயிரம் வருடத்துக்கு முந்தைய சிற்பங்களின் அடியில், இதைச் செய்வித்தவர் இன்னார் என்று வட்டெழுத்தில் வெட்டியிருக்கிறார்கள். ஊர்ப்பெயரோடு. யாரோ உளிக்காரருக்கு அந்த ஒரு வரி முக்கியம் என்று தெரிந்திருக்கிறது. கல்லுக்குச் செய்ததைக் குரலுக்குச் செய்ய என்ன கஷ்டம்?

அம்மாவின் கேசட் என்னிடம் இருக்கிறது. சினிமாப் பாட்டின் பட்டியல் தீர்ந்த பிறகும் இரண்டாம் பக்கத்தில் கொஞ்சம் நாடா மிச்சம் இருந்திருக்கிறது. அங்கே அழித்தவரின் கை எட்டவில்லை. நாற்பது வினாடி. அம்மாச்சி ஓர் அடியை இழுத்து முடிக்கிறாள். தூரத்தில் ஆட்டு மணி கேட்கிறது. மூச்சு வாங்கிவிட்டு, "போதுமாத்தா?" என்கிறாள். அம்மா ஏதோ சொல்கிறாள், சரியாக விழவில்லை. அதோடு நாடா தீர்ந்துவிடுகிறது.

போதாது, அம்மாச்சி. அந்த நாற்பது வினாடியைப் படியெடுத்து மூன்று இடத்தில் வைத்திருக்கிறேன். பாடியவர் என்ற கட்டத்தில் உன் பெயரை முழுசாக எழுதியிருக்கிறேன்.